91 பகா எண்ணா என்று கேட்டாயே

பாலக்கோடு

அன்புள்ள செல்வி,

உன் மெசேஜ் பார்த்தேன். நீ கேட்டது ரெண்டு வரியில் சொல்லி முடிக்கிற விஷயம் இல்லை, அதனால் உட்கார்ந்து நிதானமாகவே எழுதுகிறேன். இங்கே எல்லோரும் நலம். அம்மாவுக்கு முட்டிவலி கொஞ்சம் தேவலை. புளி சீசன் என்பதால் தெருவில் எந்தத் திண்ணையைப் பார்த்தாலும் கொட்டை எடுத்துக்கொண்டிருக்கிறார்கள், எங்கள் வீட்டிலும் அதேதான். ஓசூரில் வீடு மாற்றிய அலைச்சல் ஓய்ந்ததா?

சரி, உன் மகள் விஷயத்துக்கு வருகிறேன். 100-க்குள் இருக்கிற 25 பகா எண்களையும் மனப்பாடம் பண்ணச் சொன்னார்கள், அவளும் கடகடவென்று ஒப்பிக்கிறாள், ஆனால் பரீட்சையில் 91-ஐப் பகா எண் என்று எழுதிவிட்டாள் என்கிறாய். அவளைத் திட்டாதே. 91-ஐப் பார்த்தால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். ஒற்றைப்படை, 5-ல் முடியவில்லை, பத்து வரைக்கும் வாய்ப்பாடு படித்த பிள்ளைக்கு அது எங்கேயும் கண்ணில் பட்டிருக்காது. 51, 57, 87 எல்லாம் இதே ரகம். பட்டியல் மறந்துபோனால் கையில் ஒன்றுமே மிச்சம் இருக்காது, அதனால் அதை முதலில் ஓரமாக வைக்கச் சொல்.

என் வகுப்பில் இந்தப் பாடம் வந்தால் நான் புளியங்கொட்டையைத்தான் எடுப்பேன். ஆளுக்கு 12 கொட்டை கொடுத்து, எல்லா வரிசையும் சமமாக வருகிற மாதிரி அடுக்கச் சொல்வேன். ரெண்டு வரிசையில் ஆறாறு, மூன்று வரிசையில் நாலு நாலு என்று விதவிதமாக அடுக்குவார்கள். அப்புறம் இன்னொரு கொட்டை கொடுத்து 13 ஆக்குவேன். மூன்று மூன்றாக வைத்தால் ஒன்று மிஞ்சும், கலைத்துவிட்டு நாலு நாலாக வைப்பார்கள், மறுபடியும் ஒன்று மிஞ்சும், ஐந்தைந்தாக வைத்தால் மூன்று மிஞ்சும், கடைசியில் ஒரே நீள வரிசையாக வைத்துவிட்டு "இதுக்கு வேற வழியே இல்ல டீச்சர்" என்பார்கள். அந்த இடத்தில்தான் பகா எண் என்ற பேரையே நான் சொல்வேன், அதற்கு முன்னால் சொல்வதில்லை.

1 ஏன் பகா எண் இல்லை என்றும் அவள் கேட்பாள், கேட்க வேண்டும். பகா எண் என்றால் சரியாக இரண்டு காரணிகள், அதாவது மீதியில்லாமல் வகுக்கிற எண்கள், இருக்க வேண்டும்: 13-க்கு 1, 13 என்று இரண்டு, 1-க்கு இருப்பது ஒன்றே ஒன்று. அதைவிட முக்கியமான காரணம், 12-ஐப் பகா எண்களாகப் பிரித்தால் எப்படிப் பிரித்தாலும் இரண்டு 2-ம் ஒரு 3-ம்தான் வரும். 1-ஐயும் உள்ளே விட்டால் 1×2×2×3, 1×1×2×2×3 என்று முடிவே இல்லாமல் போய்க்கொண்டிருக்கும்.

இனி 91. காரணிகள் ஜோடியாகத்தான் வரும். ஜோடியில் இரண்டுமே 10 அல்லது அதற்கு மேல் என்றால் பெருக்கினால் 100-க்குக் குறையாது, 91-ஐத் தாண்டிவிடும். அப்படியென்றால் ஜோடியில் ஒன்றாவது 10-க்குக் கீழே இருந்தே ஆக வேண்டும். அதிலும் 4, 6, 8-ஐப் பார்க்க வேண்டாம், அவற்றால் வகுபட்டால் 2-ஆல் முன்னமே வகுபட்டிருக்கும், 9-க்குப் பதில் 3 போதும். ஆக 2, 3, 5, 7, இந்த நாலே நாலுதான். 2, 5 பார்த்தவுடனே இல்லை என்று தெரிகிறது, இலக்கங்களைக் கூட்டினால் 9+1 = 10, அது 3-ன் மடங்கு இல்லை என்பதால் 3-ம் இல்லை, மிச்சம் 7. 91 என்பது 70-ம் 21-ம், இரண்டுமே 7-ன் மடங்கு, ஆகவே 7×13. இதையே 97-க்குச் செய்தால் 70-ம் 27-ம், 27 ஒத்துவரவில்லை, அதனால் 97 பகா எண். இந்த நாலை வைத்துக்கொண்டு 120 வரைக்கும் எந்த எண்ணையும் சோதித்துவிடலாம், 121-க்குத்தான் 11 தேவைப்படும்.

சுமார் 2200 வருஷத்துக்கு முன்னால் அலெக்சாந்திரியா நூலகத்தைக் கவனித்துக்கொண்டிருந்த எரடோஸ்தனிஸ் பேரில் பகா எண்களைச் சலித்தெடுக்கிற ஒரு சல்லடை புத்தகத்தில் வருமே, அதில் 100 வரை எழுதி 2, 3, 5, 7-ன் மடங்குகளை அடித்ததும் ஏன் நிறுத்திவிடுகிறோம் என்பதும் இதேதான். அதைச் சொல்லாமல் வெறுமனே கட்டத்துக்கு வண்ணம் அடிக்க வைக்கிறார்கள், எனக்கு அது பெரிய வருத்தம்.

சலித்துப்போனால் ஒரு விளையாட்டு இருக்கிறது. 2-ஐத் தாண்டிய எந்த இரட்டைப்படை எண்ணையும் இரண்டு பகா எண்களின் கூட்டலாக எழுதச் சொல்: 28 என்றால் 5+23, இல்லாவிட்டால் 11+17. 1742-ல் கோல்ட்பாக் என்ற கணிதர் ஆய்லர் என்ற கணித மேதைக்கு எழுதிய கடிதத்திலிருந்து கிளம்பிய கேள்வி இது, எல்லா எண்ணுக்கும் இப்படி முடியும் என்று இதுவரை யாரும் நிரூபிக்கவில்லை. பெரிய கணித மேதைகளே திணறுகிற இடத்தில் நம் பிள்ளை பென்சிலோடு உட்காரலாம் என்பதை நினைத்தால் எனக்கு எப்போதும் சந்தோஷமாக இருக்கும்.

லீவுக்கு இங்கே வருவதற்கு முன்னால் அவளிடம் 221-ஐக் கொடு. எந்த எண் வரைக்கும் வகுத்துப் பார்த்தால் போதும் என்று அவளே யோசிக்கட்டும், நீ சொல்லிக்கொடுத்துவிடாதே. பஸ் ஏறும்போது போன் பண்ணு, ஸ்டாண்டுக்கு வந்துவிடுகிறேன்.

அன்புடன்,
மல்லிகா