எல்லாப் புள்ளியும் வைட்டாலிட்டிக்கே

மயிலாப்பூர்,
தை மாதம்.

அன்பு மச்சானுக்கு,

உன் கடிதம் பொங்கலுக்கு முந்தின நாள் கைக்கு வந்தது. கோயம்புத்தூர்க் குளிரைப் பற்றி நீ எழுதியிருந்ததை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். முழங்கால் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்து, வாக்கரை மூலையில் வைத்துவிட்டு வாசல் வரைக்கும் தானே நடக்கிறாள். உன்னைக் கேட்டதாக எழுதச் சொன்னாள். லஸ் முனையில் மெட்ரோ வேலை இன்னும் ஓயவில்லை. கபாலி கோயில் பக்கம் போவதென்றால் சந்து சந்தாகச் சுற்றித்தான் போக வேண்டியிருக்கிறது. மார்கழிக் கச்சேரிகளில் பாதிக்கு மேல் விட்டுவிட்டேன். ஆபீஸில் அப்படி வேலை.

ஆட்டத்தில் கிடைக்கும் புள்ளிகளை மகள் எதில் போட வேண்டும் என்று கடைசிப் பக்கத்தில் நீ கேட்டிருந்த கேள்விக்கு மட்டும் விரிவாகப் பதில் எழுதத் தோன்றியது. உன் மகள் டயாப்லோ 2 ஆடுகிறாள் என்று படித்ததும் எனக்கு எவ்வளவு சந்தோஷம் தெரியுமா! ரிச்சி தெருவில் பார்ட் பார்ட்டாக வாங்கிச் சேர்த்த உன் பழைய கம்ப்யூட்டரில், மூணு சிடியை மாற்றி மாற்றிப் போட்டு நாம் ஆடிய அதே ஆட்டம். 2000ல் வந்தது, 2021ல் படத்தையெல்லாம் புதிதாக வரைந்து ரிசரெக்டட் என்று மறுபடி விட்டார்கள். அடியில் ஓடும் கணக்கு பெரும்பாலும் பழைய கணக்கேதான். அதனால் நாம் அன்று நோட்டில் எழுதி வைத்தது இன்றைக்கும் அவளுக்கு உதவும்.

மந்திரக்காரி சோர்சரஸை எடுத்தாள், ஸ்ட்ரெங்த், டெக்ஸ்டரிட்டி, வைட்டாலிட்டி, எனர்ஜி என்ற நாலில் லெவல் ஏறும்போது கிடைத்த புள்ளிகளை எனர்ஜியில் போட்டாள், முதல் கட்டமான நார்மலை முடித்துவிட்டாள், அதைவிடக் கடினமான நைட்மேரில் இரண்டு அடியில் சாகிறாள் என்று எழுதியிருக்கிறாய். மந்திரம் போடுகிறவளுக்கு மானா வேண்டும், மானாவுக்கு எனர்ஜி வேண்டும் என்று அவள் யோசித்தது நியாயமான யோசனைதான். அதற்காக அவளைத் திட்டாதே. இந்தக் கணக்கை மட்டும் அவள் பக்கத்தில் உட்கார்ந்து போட்டுக் காட்டு.

சோர்சரஸ் தொடங்கும்போது லைஃப் 40. லெவலுக்கு 1 தானாகக் கூடும். வைட்டாலிட்டியில் ஒரு புள்ளி போட்டால் 2 கூடும். லெவல் 40க்கு வரும்போது ஐந்தைந்தாக 195 புள்ளி கிடைத்திருக்கும். மூன்றாம் ஆக்டில் லாம் எசன் புத்தகத்தைக் கொண்டுவந்து கொடுத்ததற்கு இன்னொரு 5. ஆக 200. அதே ஆக்டில் தங்கப் பறவையைக் கொடுத்து வாங்கும் மருந்து 20 லைஃப் தரும். இப்போது அந்த 200 புள்ளியும் எனர்ஜிக்குப் போயிருந்தால், உடம்பில் ஒன்றும் அணியாத நிலையில் அவள் லைஃப் 99. அத்தனையும் வைட்டாலிட்டிக்கு வந்திருந்தால் 499. அதே பெண், அதே லெவல், ஐந்து மடங்கு உயிர்.

அடியைத் தாங்குவதோடு இது நிற்பதில்லை. ஒரே அடியில் மொத்த லைஃபில் பன்னிரண்டில் ஒரு பங்கு போனால் பாத்திரம் தடுமாறி நின்றுவிடும், நினைவிருக்கிறதா? 99 லைஃப் உள்ளவளைத் தடுமாற வைக்க 9 டேமேஜ் போதும். நைட்மேரில் சின்ன எலும்புக்கூடு கூட அதைச் செய்துவிடும். 499 உள்ளவளைத் தடுமாற வைக்க 42 வேண்டும். தடுமாற்றத்திலிருந்து சீக்கிரம் மீள வைக்கும் ஃபாஸ்டர் ஹிட் ரிகவரி எதுவும் இல்லாத சோர்சரஸ் ஒரு தடவை தடுமாறினால் 15 ஃபிரேம் போகும். நொடிக்கு 25 ஃபிரேம் ஓடும் ஆட்டத்தில் அது அரை நொடிக்கும் மேல். அந்த நேரத்தில் மந்திரம் கிடையாது, இடம் தாவும் டெலிபோர்ட் கிடையாது, ஓடவும் முடியாது. அதற்குள் பக்கத்தில் இருப்பவன் அடுத்த அடியைப் போடுவான், மறுபடி தடுமாற்றம். உன் மகள் ‘இரண்டு அடியில்’ சாகிறாள் என்றால் பெரும்பாலும் இப்படித்தான் இருக்கும்: முதல் அடி நிறுத்துகிறது, இரண்டாவது கொல்கிறது. கீபோர்டில் அவள் கை எவ்வளவு வேகமாக ஓடினாலும் அந்த அரை நொடியில் அவளால் ஒன்றும் செய்ய முடியாது.

மருந்திலும் இதே கதை. ஊதா நிற ரிஜுவனேஷன் பாட்டில் மொத்த லைஃபில் 35 சதவீதத்தை உடனே திருப்பித் தரும். 99ல் அது 35 கிட்ட. 499ல் 175 கிட்ட. ஒரே பாட்டில்தான். சிவப்பு மருந்தோ சொட்டுச் சொட்டாக ஏறும், அவசரத்துக்கு உதவாது. அதனால் வைட்டாலிட்டியில் போட்ட புள்ளி லைஃபாக ஒரு முறை, தடுமாறாமல் நிற்பதில் ஒரு முறை, மருந்தின் வீரியத்தில் ஒரு முறை என்று மூன்று இடத்தில் வேலை செய்கிறது. எனர்ஜியில் போட்ட புள்ளி நீல உருண்டையை மட்டும் நிரப்பும்.

அப்படியானால் மானாவுக்கு என்ன வழி என்று கேட்பாள். கேட்க வேண்டும். மானாவைப் பொருளில் வாங்கலாம், மருந்தில் வாங்கலாம், நெருப்புத் திறமைகளின் வரிசையில் வார்ம்த் என்ற திறமையில் வாங்கலாம். இரண்டாம் ஆக்டில் கூலிக்கு அமர்த்தும் ஈட்டிக்காரன் கையில் இன்சைட் ரூன்வேர்ட் (ரூன் கற்களைக் குறிப்பிட்ட வரிசையில் பதித்துச் செய்வது) போட்ட போலார்ம் என்ற நீண்ட ஆயுதம் கொடுத்தால், அவனோடு வரும் மெடிடேஷன் ஆராவே அவள் மானாவை ஓயாமல் நிரப்பிக்கொண்டிருக்கும். ரால், டிர், டால், சோல் என்று நாலு ரூன். அவ்வளவுதான் செலவு. மானா தீர்ந்தால் பின்வாங்கி நின்று குடித்துக்கொள்ளலாம்; லைஃப் தீர்ந்தால் பின்வாங்க ஆள் இருக்காது.

புள்ளிகளைப் பற்றி நான் உறுதியாக நம்புவது இதைத்தான்: பொருளால் சுலபமாகக் கிடைப்பதைப் புள்ளி கொடுத்து வாங்கக் கூடாது. லைஃபும் பொருளில் கிடைக்கும், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் பொருளுக்கு வேறு பெரிய வேலை காத்திருக்கிறது. அது ரெசிஸ்ட், அதாவது நெருப்பு, மின்னல் போன்ற அடியை இத்தனை சதவீதம் குறைக்கும் எண். நைட்மேரில் கால் வைத்ததுமே எல்லா ரெசிஸ்டிலும் 40 கழிந்துவிடும், கடைசிக் கட்டமான ஹெல்லில் 100. ஐந்தாம் ஆக்டில் ஆன்யாவை மீட்டதற்குக் கிடைக்கும் சுருள் ஒவ்வொரு முறையும் 10 தரும். மீதியை ஷீல்ட், மோதிரம், பெல்ட், பூட்ஸ், சார்ம் என்று தேடித் தேடித்தான் சேர்க்க வேண்டும். எத்தனை ஸ்டாட் புள்ளி கொட்டினாலும் ரெசிஸ்டில் ஒன்று கூடாது.

அதோடு இவை ஒன்றையொன்று பெருக்குகின்றன. 75 ரெசிஸ்ட் என்றால் நெருப்பில் கால் பங்குதான் உள்ளே வரும். 99 லைஃபும் 75 ரெசிஸ்டும் உள்ளவளைக் கொல்ல எதிரி 396 அளவுக்கு நெருப்பு கொட்ட வேண்டும். 499 லைஃபோடு அதே ரெசிஸ்ட் இருந்தால் 1996. அதே 499 லைஃபோடு ரெசிஸ்ட் கழித்தல் 25க்கு இறங்கினால், 400 போதும். ஒன்றை விட்டு ஒன்றைச் சேர்த்தால் பாதிக் கட்டிடம்தான் என்பதை அவளுக்கு அழுத்திச் சொல். ஹெல்லில் மின்னல் வீசும் அந்த ஆவிகளிடம் நாம் பட்ட பாடு உனக்கே தெரியும்.

ஸ்ட்ரெங்த்: போட நினைக்கும் பொருளுக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு, அதற்கு மேல் ஒன்று கூட வேண்டாம். அவளுக்கு நான் சொல்லும் பொருள் கிரிஸ்டல் ஸ்வோர்ட். அதற்கு 43 ஸ்ட்ரெங்த். சோர்சரஸிடம் 10 இருக்கிறது, ஆக 33 புள்ளி செலவு, அதாவது 66 லைஃப் போகும். நார்மலில் கவ் லெவல் என்ற ரகசிய இடத்தில் விழும் சாதா வெள்ளை கிரிஸ்டல் ஸ்வோர்டை ஐந்தாம் ஆக்ட் கொல்லன் லார்ஸக்கிடம் கொடுத்தால் ரூன் பதிக்க நாலு சாக்கெட் போட்டுத் தருவான். டால், தூல், ஆர்ட், ஆம்ன், இந்த வரிசை மாறாமல் ரூன்களைப் பதித்தால் ஸ்பிரிட் என்ற ரூன்வேர்ட். நைட்மேரில் கவுண்டஸ் என்ற எதிரியை ஓயாமல் தேடிப் போனால் இந்த ரூன்கள் சேர்ந்துவிடும். அந்த வாள் 22 வைட்டாலிட்டி தரும், அதாவது போன 66ல் 44 திரும்பி வந்துவிட்டது. எல்லாத் திறமைக்கும் 2. மானா 89லிருந்து 112 வரை. அதை எனர்ஜியில் வாங்க 45 முதல் 56 புள்ளி ஆகியிருக்கும். ஹிட் ரிகவரி 55 சதவீதம் வேறு, அதனால் 15 ஃபிரேம் தடுமாற்றம் 9 ஆகக் குறையும். நான் மேலே சொன்ன நம்பிக்கை முழுக்க இந்த ஒரு வாளில் இருக்கிறது.

ஸ்பிரிட்டை ஷீல்டாகவும் செய்யலாம், ஆனால் அதற்கு ஏற்ற மோனார்க் ஷீல்டைத் தூக்க 156 ஸ்ட்ரெங்த் வேண்டும். அது 146 புள்ளி, 292 லைஃப். ஹெல்லுக்குள் நன்றாகப் போன பிறகு, சார்மிலும் பெல்ட்டிலும் ஸ்ட்ரெங்த் சேர்ந்த பிறகு யோசிக்கட்டும். இப்போது வேண்டாம்.

டெக்ஸ்டரிட்டியில்தான் நமக்குள் அந்தக் காலத்திலேயே சண்டை. நீ ஷீல்டால் அடியைத் தடுக்கும் ப்ளாக் கட்சி. இன்றைக்கும் நான் சோர்சரஸ் விஷயத்தில் உன் பக்கம் வரமாட்டேன். ப்ளாக் கணக்கில் டெக்ஸ்டரிட்டியிலிருந்து 15ஐக் கழித்து, ஷீல்டின் ப்ளாக்கால் பெருக்கி, லெவலின் இரண்டு மடங்கால் வகுக்க வேண்டும். உச்சம் 75. லெவல் 80ல், 50 ப்ளாக் உள்ள ஷீல்டோடு அந்த 75ஐத் தொட 255 டெக்ஸ்டரிட்டி வேண்டும். அவளிடம் இருப்பது 25. மீதி 230 புள்ளிக்கு விலை 460 லைஃப்! லெவல் ஏற ஏற வகுக்கும் எண் பெரிதாவதால், அதே இடத்தில் நிற்கவே தொடர்ந்து புள்ளி கொட்ட வேண்டும். ஓடும்போது ப்ளாக் மூன்றில் ஒன்றாகிவிடும். ஹெல்லில் அவளைக் கொல்லப்போகும் மின்னலையும் நெருப்பையும் ஷீல்ட் தடுக்கவும் தடுக்காது. தூரத்தில் நின்று அடிக்கிறவளுக்கு அந்தத் தூரமும் டெலிபோர்ட்டும்தான் ஷீல்ட்.

இன்னொரு பாத்திரமான பாலடினுக்கு நீ சொன்னது சரி, அதை அன்றும் மறுக்கவில்லை. ஹோலி ஷீல்ட் என்ற திறமை ப்ளாக்கை உயர்த்திக் கொடுப்பதால் அவனுக்குக் குறைந்த டெக்ஸ்டரிட்டியே போதும், எதிரியோடு ஒட்டி நின்று சண்டை போடுகிறவனுக்கு அது தகும். அமேசான் வில்லெடுத்தால் டெக்ஸ்டரிட்டி அவள் அம்பின் பலமாகவும் மாறும். பார்பேரியனுக்கு ஒரு வைட்டாலிட்டிக்கு 4 லைஃப் என்பதால் அங்கே யோசிக்கவே வேண்டாம். எனர்ஜி ஷீல்டை நம்பி விளையாடும் சோர்சரஸ் மட்டும் தனி ஜாதி. அடியை மானா வாங்கிக்கொள்ளும், அவளுக்கு எனர்ஜியில் அர்த்தம் உண்டு. ஆனால் அதற்கு டெலிகினஸிஸ் என்ற திறமையில் 20 புள்ளி, நல்ல பொருள்கள், நிறைய அனுபவம் எல்லாம் வேண்டும். முதல் பாத்திரத்துக்கு ஏற்றதில்லை.

“எல்லாரும் வைட்டாலிட்டிதான் போடப்போகிறோம் என்றால் எதற்கு நாலு பட்டன்?” என்று அவள் கேட்டதாக எழுதியிருந்தாய். அந்தக் கேள்வியை ரொம்ப நேரம் நினைத்துக்கொண்டிருந்தேன். 2012ல் வந்த டயாப்லோ 3ல் அந்தப் பட்டன்களை எடுத்துவிட்டு, லெவல் ஏறினால் தானாகக் கூடும்படி செய்தார்கள். யாரும் தவறாகப் போட வழியில்லை. எனக்கு அது பிடிக்கவே இல்லை. கையால் போடும்போதுதான் ஒவ்வொரு புள்ளிக்கும் எதைக் கொடுத்து எதை வாங்குகிறோம் என்ற எண்ணம் வருகிறது. 33 புள்ளிக்கு ஒரு வாள் தகுமா என்று உன் மகள் பேப்பரில் எழுதிப் பார்ப்பாளே, அந்தப் பட்டன்கள் இருப்பது அதற்காகத்தான் என்பது என் எண்ணம். பதில் முக்கால்வாசி ஒன்றாகவே வரட்டும், பரவாயில்லை.

இன்னொன்றும் உண்டு. அவள் இதில் நன்றாக வர வேண்டும் என்றால் எதிரியின் முன் கொஞ்ச நேரம் நின்றாக வேண்டும். இரண்டாம் ஆக்டின் பெரிய எதிரி டூரியல் எப்போது பாய்கிறான், எப்போது விலகலாம் என்பதெல்லாம் உயிரோடு நின்று பார்த்தால்தான் தெரியும். 99 லைஃபில் அவள் பார்ப்பதெல்லாம் சாகும் திரைதான். ஹார்ட்கோர் ஆடப்போகிறேன் என்கிறாளாமே, தடுக்காதே. ஒரு முறை செத்தால் அந்தப் பாத்திரம் போய்விடும் என்பதை மட்டும் முன்னாலேயே சொல்லிவிடு. செத்தாலும் தொடரலாம் என்ற சாஃப்ட்கோரில் ஹெல்லை ஒரு தடவை முடித்துவிட்டுப் போனால் நல்லது.

இப்போது செய்ய வேண்டியது. நம் காலத்தில் போட்ட புள்ளி போட்டதுதான். பயந்து பயந்து இருபது முப்பது புள்ளியைச் செலவழிக்காமலே வைத்திருப்பாய். 2010ல் வந்த 1.13 பேட்சிலிருந்து, முதல் ஆக்டின் டென் ஆஃப் ஈவில் வேலையை முடித்தவர்களுக்கு அந்த ஊரில் இருக்கும் அகாரா எல்லாவற்றையும் திருப்பித் தருகிறாள், ஒவ்வொரு டிஃபிகல்ட்டியிலும் ஒரு முறை. உன் மகளுக்கு நார்மலில் இருப்பது இன்னும் செலவாகவில்லை என்றால் அதை எடுத்துக்கொள்ளட்டும், நைட்மேரில் உள்ளதைப் பத்திரப்படுத்தட்டும். முக்கியமாக ஒன்று: திறமைப் புள்ளிகளும் சேர்ந்தே திரும்பி வரும். அகாராவிடம் போகும் முன் இரண்டையும் ஒரு தாளில் குறித்துக்கொள்ளச் சொல். போட்டிருக்கும் பொருள்களில் எதற்கு அதிக ஸ்ட்ரெங்த் தேவை என்பதையும் சேர்த்து எழுதட்டும். புள்ளி திரும்பியதும் முதலில் ஸ்ட்ரெங்த், கிரிஸ்டல் ஸ்வோர்டுக்குப் போதுமான அளவு. மீதி அத்தனையும் வைட்டாலிட்டி. கண்ணை மூடிக்கொண்டு போடலாம்.

பங்குனியில் அறுபத்துமூவர் சமயத்தில் ரெண்டு பேரும் வாருங்கள். மாடி அறை காலியாகத்தான் இருக்கிறது, லேப்டாப்பையும் எடுத்துக்கொண்டு வரச் சொல். அவள் புதுக் கணக்கு என்ன ஆயிற்று, டூரியல் விழுந்தானா என்று உடனே எழுது.

அன்புடன்,
உன் மயிலாப்பூர் நண்பன்