தபால்காரர் வருகிற ஊர்தான்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஏற்காடு நாகலூர் பக்கம் எங்களுக்கு ஒன்றரை ஏக்கர் காபித் தோட்டம். தோட்டத்துக்குப் போகிற வண்டிப் பாதையைப் பக்கத்துத் தோட்டக்காரர் கம்பி வேலி போட்டு அடைத்துவிட்டார். சேலத்தில் வழக்குப் போட்டது என் வீட்டுக்காரர். அவர் காலமான பிறகு நான் வாதி ஆனேன். இன்றுவரை பழ மூட்டையைத் தலைச்சுமையாக ஓடையைச் சுற்றித்தான் கொண்டு வருகிறோம்.

முதலில் எல்லா வாய்தாவுக்கும் போனேன். இருபது கொண்டை ஊசி வளைவும் இறங்கி, வராந்தாவில் நின்று, அடுத்த தேதியைக் கேட்டுக்கொண்டு மறுபடி மலை ஏறுவேன். "நீங்க எதுக்கும்மா அலையறீங்க, தேவைப்பட்டா கூப்பிடறேன்" என்றார் வக்கீல். நல்ல மனுஷர்தான். நானும் போவதை விட்டுவிட்டேன்.

தை மாதம் பறிப்பு முடிந்து ஃபீஸ் பாக்கியைக் கொடுக்கப் போனபோது குமாஸ்தா தலையைச் சொறிந்தார். வழக்கு ஐப்பசியிலேயே தள்ளுபடியாம். அன்று வக்கீலுக்கு மேட்டூரில் வேறு வழக்கு. கோர்ட் டவாலி மூன்று முறை பேர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறார். எதிர்த்தரப்பு வக்கீல் மட்டும் எழுந்து நின்றிருக்கிறார். 'வாதி ஆஜராகவில்லை, தள்ளுபடி.' அவ்வளவுதான். நீதிபதியை நான் குறை சொல்லவில்லை. கூப்பிட்டு யாரும் வராவிட்டால் அவர்தான் என்ன செய்வார்?

தள்ளுபடியை நீக்கக் கேட்க 30 நாள்தான் கெடு. அது எனக்குத் தெரியும் முன்பே முடிந்துவிட்டது. இனி தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, அது ஜெயித்தால் அப்புறம் வழக்கைத் திரும்ப எடுக்க இன்னொரு மனு. எதிர்த்தரப்பு ஆஜராகியிருந்ததால் இதே விஷயத்துக்குப் புது வழக்கும் போட முடியாதாம். பாதையில் எனக்கு உரிமை உண்டா இல்லையா என்று இதுவரை யாரும் விசாரிக்கவே இல்லை.

1981-ல் ரஃபீக் என்பவரின் வழக்கில், வக்கீல் வராததற்குக் கட்சிக்காரர் கஷ்டப்படக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. செலவுத் தொகை 200 ரூபாயை வராத வக்கீலிடமே வசூலிக்கவும் சொன்னதாம். இதை எனக்குப் படித்துக் காட்டியதே என் வக்கீல்தான். படித்துவிட்டுச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

வாய்தா விவரம் எஸ்.எம்.எஸ்ஸில் வருமே என்று கேட்டேன். வந்துகொண்டுதான் இருந்திருக்கிறது, குமாஸ்தாவின் செல்போனுக்கு. வழக்கில் அவர் நம்பரைத்தான் கொடுத்திருக்கிறார்கள். என் பேத்தி இ-கோர்ட்ஸ் செயலியில் வழக்கின் 16 இலக்க எண்ணைத் தட்டினாள். தள்ளுபடியான தேதி வரை எல்லாம் வந்தது. அந்த எண்ணை அதற்கு முன் யாரும் எனக்கு எழுதித் தரவில்லை.

வழக்குத் தாக்கலாகும்போதே கட்சிக்காரரின் நம்பரையும் கட்டாயம் வாங்க வேண்டும். வரவில்லை என்று தள்ளுபடி செய்தால் அன்றே அவருக்கு ஒரு தகவல் போக வேண்டும். செல்போன் இல்லாதவர்களுக்குத் தபால் கார்டு போதும். வழக்குப் போட்ட பிராதில் என் விலாசம் இருக்கிறது. நாகலூருக்குத் தபால்காரர் வராமல் இல்லை.

இப்படிக்கு,
ஒரு காபி விவசாயி,
நாகலூர், ஏற்காடு.