லோலாவின் சிவப்பு முடி

அன்புள்ள கயல்,

குறும்படத்துக்காகத் தலைக்குப் பளிச்சென்று சிவப்புச் சாயம் போடச் சொல்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். சரியென்று சொல்லுமுன் நடிகை ஃபிராங்கா பொடென்டேயைப் பற்றிக் கொஞ்சம் கேள்.

ஜெர்மனியில், மூன்ஸ்டரில் 1974-இல் பிறந்தவர். மியூனிக்கில் ஓட்டோ ஃபால்கன்பெர்க் நடிப்புப் பள்ளியில் படிக்கப் போனவருக்கு, 1995-இல் ஹான்ஸ் கிறிஸ்டியான் ஷ்மிட் இயக்கிய ‘நாஹ் ஃபுன்ஃப் இம் உர்வால்ட்’ கிடைத்தது. வீட்டில் சண்டை போட்டுக்கொண்டு ஓடிப்போகும் 17 வயதுப் பெண் வேடம். அவருக்கோ அப்போது 21. அதற்குப் பவேரியத் திரைப்பட விருதில் இளம் கலைஞருக்கான பரிசு. விருது வந்த கையோடு படிப்பை மூட்டை கட்டவில்லை, நியூயார்க்கில் லீ ஸ்ட்ராஸ்பெர்க் பள்ளிக்கும் போனார். நடுவே சில டிவி படங்கள். 1998-இல்தான் டாம் டிக்வர் இயக்கிய ‘லோலா ரென்ட்’. அதில் சிவப்பு முடி லோலா இவர்தான்.

கதை உனக்குத் தெரியும்: 20 நிமிடத்தில் 1,00,000 மார்க் (ஜெர்மனியின் அன்றைய பணம்) புரட்ட லோலா பெர்லின் தெருக்களில் ஓடுகிறாள், அதே ஓட்டம் மூன்று தடவை. சிக்கலே அங்கேதான். பெரும்பாலும் படத்தைக் கதை வரிசையில் எடுப்பதில்லை. வேறு வேறு நாளில் எடுத்த ஓட்டங்கள் எடிட்டிங்கில் அடுத்தடுத்து வந்து உட்காரும். ஒரே தெருமுனையில் முதல் தடவை அடர்சிவப்பு, அடுத்த தடவை ஆரஞ்சு என்றால் கன்டின்யூட்டி, அதாவது காட்சித் தொடர்ச்சி, போச்சு. தண்ணீர் பட்டால் வெளுக்கும் சாயம் என்பதால் ஏழு வாரம் அவர் தலைக்கே குளிக்கவில்லையாம். அத்தனை ஓட்டமும் கனமான பூட்ஸ் போட்டுக்கொண்டு!

உன் கறுப்பு முடியில் அந்தச் சிவப்பு ஏற முதலில் பிளீச் செய்தாக வேண்டும். பிளீச் செய்த முடி சாயத்தை உள்ளே பிடித்து வைக்காது, வியர்வையில்கூட வழியும். காதுக்குப் பின்னால் துளி தடவி 48 மணி நேரம் பார், அரித்தால் வேண்டாம். ஷூட்டிங்குக்கு முந்தைய நாள் போடு. இடையில் ஒருமுறை திரும்பப் பூச அதே டப்பாவில் மீதி வை. கடையில் அடுத்த டப்பா அதே நிறத்தில் கிடைக்கும் என்று நம்பாதே. பேக்கப் சொன்னதும் ஒரே வெளிச்சத்தில் முன்னும் பின்னும் போட்டோ எடுத்துக்கொள். உடையில் இரண்டாவது செட் கேள், கழுத்துப் பட்டியில் கறை கட்டாயம் விழும்.

தலையணைமேல் பழைய துண்டை விரித்துப் படு. ஹாஸ்டல் உறை வெள்ளை.

அம்மா