வெள்ளை டப்பாவில் வந்த நிறம்

திருவல்லிக்கேணி,
வியாழன் இரவு

அன்புள்ள சீனு,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. முட்டிவலி என்று எழுதித் தப்பித்துவிடலாம். வலி இருக்கத்தான் இருக்கிறது, ஆனால் பதில் போடாததற்கு அது காரணமில்லை. நீ கடைசி வரியில் ஒரு கேள்வி கேட்டிருந்தாயே, அதற்குப் பதில் எழுதக் கை வரவில்லை. அதற்கு அப்புறம் வருகிறேன். முதலில் பெயிண்ட் கடையில் நடக்கும் கூத்தைக் கேள்.

வைகாசியில் ஆரம்பித்தது. எழுபது வயது மதிக்கத்தக்க ஓர் அம்மா வந்தார். மகன் பெரும்பாக்கத்தில் ஃபிளாட் வாங்கியிருக்கிறானாம், இவருடைய அறைக்கு இவரே நிறம் பார்க்க வேண்டுமாம். ஷேட் கார்டை முன்னும் பின்னும் புரட்டினார். எதுவும் பிடிக்கவில்லை. "எங்க பழைய வீட்டுத் தாழ்வாரத்துல இருந்தது மாதிரி வேணும்" என்றார். எப்படி இருந்தது என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை. பேசிக்கொண்டே, மேஜைமேல் திறந்திருந்த வெள்ளை பேஸ் டப்பாவின் விளிம்பில் கை வைத்தார். விரல் நுனி உள்ளே பட்டுவிட்டது. பட்ட இடத்திலிருந்து ஒரு பச்சை கிளம்பியது பார், பாசிப்பயறு ஊறின தண்ணீர் மாதிரி மெல்லப் பரவி டப்பா முழுக்க நிறைந்தது. உனக்குத் தெரியும், பேஸில் சொட்டுச் சொட்டாகக் கலர் விட்டு, மெஷினில் வைத்துக் குலுக்கினால்தான் நிறம் வரும். அன்றைக்குக் காலையிலிருந்து கரண்டே இல்லை. கடைப் பையன் கையிலிருந்த மூடியைக் கீழே போட்டுவிட்டான். அந்த அம்மா மட்டும் அசரவில்லை. "இதேதான். நாலு லிட்டர் என்ன விலை?" என்று கேட்டார்.

அதிலிருந்து இதே வேலையாகிவிட்டது. எல்லோருக்கும் வருவதில்லை. பையன் தன் ஊரை நினைத்து விரலை விட்டான், வெள்ளை வெள்ளையாகவே இருந்தது. போன வாரம்தான் ஊருக்குப் போய் வந்திருந்தான். திரும்பப் போக முடியாத இடமாக இருக்க வேண்டும் போலிருக்கிறது. அதுவும் ஒரே இடம் எல்லோருக்கும் ஒரே நிறம் தருவதில்லை. மூர் மார்க்கெட்டை எடுத்துக்கொள். கட்டடம் செங்கல் சிவப்பு, நீயும் நானும் பார்த்ததுதானே. 1985 மே மாதம் எரிந்தது, இப்போது அங்கேயிருந்து புறநகர் ரயில் கிளம்புகிறது. அங்கே அப்பாவுக்குக் கடை இருந்த எலெக்ட்ரீஷியன் ஒருவர் வந்தார். அவர் விரலுக்குச் சாம்பல் நிறம்தான் வந்தது. கையைத் துடைத்துக்கொண்டு ஒன்றும் பேசாமல் போய்விட்டார்.

அதே மூர் மார்க்கெட்டுக்கு எனக்கு என்ன வந்தது தெரியுமா? ஆவாரம்பூ மஞ்சள். கொஞ்ச நேரம் புரியவில்லை. அப்புறம் ஞாபகம் வந்தது. அட்டை கிழிந்த பழைய அகராதிக்கு நீ எட்டணா குறைக்கச் சொல்லி அரைமணி நேரம் மல்லுக்கு நின்றாய், நான் மானம் போகிறதே என்று நாலு கடை தள்ளி நின்றுகொண்டு, விளக்கு வெளிச்சத்தில் உன்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தேன். வெட்கத்துக்கும் சந்தோஷத்துக்கும் சேர்த்து மஞ்சளாம். எந்தப் புலவரும் சொல்லாதது.

புலவர் என்றதும் நம் தமிழ் ஐயாதான் நினைவுக்கு வருகிறார். ஐந்திணையைத் தலைகீழாக ஒப்பிக்க வைப்பாரே. நாம் கடற்கரைக்காரர்கள், நெய்தல், நமக்கு உரிப்பொருள் இரங்கல் என்று சொல்லிவிட்டு, நம் மூஞ்சியைப் பார்த்து அவரே சிரிப்பார். நிலத்துக்கு ஓர் உணர்ச்சி என்று அந்தக் காலத்திலேயே பிரித்துவைத்தவர்கள், கருப்பொருளில் பறவை, மரம், பறை, யாழ் எல்லாம் சொன்னவர்கள், நிறத்தைத் தனியாகச் சொல்லாமல் விட்டுவிட்டார்கள். பூவே போதும் என்று நினைத்திருப்பார்கள்.

இதற்கு விஞ்ஞானக் காரணம் உண்டா என்று நீ கேட்பாய். 2019 ஆகஸ்டில் திருவான்மியூர்ப் பக்கம் ராத்திரி அலை நீலமாக மின்னியதே, ஊரே ஓடிப்போய்ப் பார்த்தது. அது நாக்டிலூகா என்ற நுண்ணுயிர், தண்ணீர் அசைந்தால் ஒளிவிடும் என்று மறுநாளே பேப்பரில் போட்டுவிட்டார்கள். என் டப்பாவுக்கு அப்படி யாரும் சொல்லவில்லை. நானும் யாரையும் கேட்கவில்லை, கேட்டால் டப்பாவை எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள்.

சரி, இழுத்தடித்தது போதும். "மாடிப்படி அறை இன்னும் நீலமாகத்தான் இருக்கிறதா?" என்று கேட்டிருந்தாய். சீனு, உங்கள் வீட்டை இடித்துவிட்டார்கள். உன் கடிதம் வந்த அன்றே போய்ப் பார்த்தேன். முன்பக்கம் முழுக்கப் போய்விட்டது. பக்கத்து வீட்டோடு ஒட்டின சுவர் மட்டும் நிற்கிறது. அதில் மாடிப்படி ஏறிப்போன தடம், படிபடியாக, அப்படியே தெரிகிறது. படிதான் இல்லை.

பொக்லைன்காரரிடம் கேட்டுவிட்டு, படி திரும்பும் இடத்திலிருந்து உள்ளங்கை அகலத்துக்கு ஒரு காரைத் துண்டு எடுத்துவந்தேன். உப்புக்காற்றில் பாதி பொரிந்திருக்கிறது. உப்புத்தாள் போட்டு ஓரத்தைத் தேய்த்துப் பார்த்தேன். மேலே, வீட்டை வாங்கினவர்கள் அடித்த ரோஸ் எமல்ஷன். அதற்குக் கீழே பச்சை டிஸ்டெம்பர், உன் அக்கா கல்யாணத்துக்கு அடித்தது. அதற்கும் கீழே நகக்கண் கனத்துக்குச் சுண்ணாம்பு, ஏடு ஏடாக. பொங்கலுக்குப் பொங்கல் உன் அப்பா வாளியில் நீலம் கரைத்து, சட்டையில் ஒட்டாமலிருக்க வஜ்ரப் பசை காய்ச்சி ஊற்றுவாரே, அந்த நீலம். என்ன ஊற்றி என்ன, நம் முதுகு இரண்டும் தை மாதம் பூராவும் நீலம்தான்.

துண்டை டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு விரலை நீட்டினேன். அப்புறம் இழுத்துக்கொண்டேன். உனக்கு முன்னால் நான் பார்ப்பது சரியாகப் படவில்லை.

காரைத் துண்டைப் பஞ்சில் சுற்றி இதோடு அனுப்பியிருக்கிறேன், பிரிக்கும்போது உதிரும், கீழே பேப்பர் விரித்துக்கொள். பெயிண்டைக் கூரியரில் வாங்க மாட்டேன் என்கிறார்கள். ஒரு லிட்டர் பேஸ் டப்பாவில் உன் பேரை எழுதி, மேல் தட்டில் தனியாக எடுத்துவைத்திருக்கிறேன். பையனிடமும் தொடாதே என்று சொல்லியாயிற்று. பொங்கலுக்குள் வந்துவிடு, ரொம்ப நாள் போனால் ஏடு கட்டிவிடும்.

உன்,
மூர்த்தி