ஹரி, காரை எடுத்து வா

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். நேற்றிரவு நீ என்னோடு அதிகம் கதைக்கவில்லை. "இன்ஸ்பெக்டர் வேஷம் வேறு ஆளுக்குப் போய்விட்டது, எனக்கு உதவியாளர்தான்" என்று அம்மாவிடம் சொன்னது இங்கே எனக்கும் கேட்டது. போனில் எனக்கு ஒன்றும் வராது, எழுதினால்தான் வரும்.

1985இல் நான் ஜேர்மனிக்கு வந்தபோது எங்கள் ஹைமில், அகதிகளைத் தங்கவைத்த விடுதியில், இருந்தது ஒரேயொரு டிவி. 'டெரிக்' என்ற துப்பறியும் தொடர் போடுகிற வெள்ளிக்கிழமைகளில், மரக்கறியும் சோறும் மடியில் வைத்துக்கொண்டு எட்டேகாலுக்கு எல்லோரும் அதன் முன்னால் இருப்போம். டொச்சில், அதுதான் ஜேர்மன் மொழியில், எனக்கு 'டாங்கே' (நன்றி) என்பதற்கு மேல் தெரியாது. இன்ஸ்பெக்டர் டெரிக்காக வருகிற ஹோர்ஸ்ட் டாப்பெர்ட் கதைப்பதில் ஒரு சொல்லும் விளங்காது. பக்கத்தில் பேசாமல் நிற்கிற உதவியாளர் ஹரி கிளைனின் முகத்தை வைத்துத்தான் கதையைப் பிடிப்பேன். எதிரே இருப்பவன் பொய் சொல்கிறானா, டெரிக்குக்குச் சந்தேகம் வந்துவிட்டதா, எல்லாம் அந்த முகத்தில் கிடைக்கும். ஹரியாக நடித்தவர் பெயர் ஃப்ரிட்ஸ் வெப்பர் என்று பிறகுதான் அறிந்தேன்.

சின்ன ஆள் இல்லை அவர். 1959இல், பதினேழு வயதில், பேர்ன்ஹார்ட் விக்கி எடுத்த 'டி ப்ரூக்க' படத்தில் நடித்தார். போரின் கடைசி நாட்களில் ஒரு பாலத்தைக் காக்க நிறுத்தப்பட்ட ஏழு பள்ளிக்கூடப் பையன்கள். அதில் உயிரோடு மிஞ்சுகிற ஒரே பையன் அவர்தான். அவருடைய சொந்தத் தகப்பனே 1945இல் போரில் காணாமல் போனவர். அதை அறிந்த பிறகு அந்தப் படத்தை என்னால் மறுபடி பார்க்க முடியவில்லை. உன் பெரியப்பாவை நினைத்துக்கொள்வேன்.

1972இல் 'காபரே' படம். அதில் அவர், யூதன் என்பதை மறைத்து வாழ்ந்து, காதலுக்காக அதைச் சொல்லிவிடுகிற இளைஞன். அந்தப் படத்துக்கு எட்டு ஆஸ்கார். அப்படிப்பட்டவர்தான் 1974 முதல் 1998 வரை, 281 கதைகளில், டெரிக்குக்குப் பக்கத்தில் நின்றார். அதற்கு முன்பு 'டெர் கொமிசார்' என்ற இன்னொரு துப்பறியும் தொடரிலும் அதே ஹரிதான். அங்கிருந்து அவர் விலகியபோது அந்த இடத்துக்கு வந்தது சொந்தத் தம்பி எல்மார். கதையிலும் ஹரியின் தம்பியாகவே வந்தார்!

"ஹரி, காரை எடுத்து வா" என்பது இந்த நாட்டில் பழமொழி மாதிரி. தொழிற்சாலையில் என்னையே அப்படிக் கூப்பிட்டுச் சிரித்தார்கள். வேடிக்கை என்னவென்றால், டெரிக் சொன்னதாக எல்லோரும் சொல்கிற அந்த வசனம் அதே வடிவில் 'டெரிக்'கில் ஒருமுறைகூட வரவில்லை.

2013இல், டாப்பெர்ட் இறந்து நான்கு வருடத்துக்குப் பிறகு, அவர் போர்க்காலத்தில் ஹிட்லரின் நாஜிப் படையான வாஃபன் எஸ்எஸ்ஸில் இருந்தது வெளியே வந்தது. மறுஒளிபரப்பு இனி இல்லை என்று தொடரைப் போட்ட டிவி நிறுவனமான இசட்டிஎஃப் சொல்லிவிட்டது. சரியான முடிவுதான். ஆனால் ஹரி நின்ற இருபத்துநான்கு வருடமும் அதோடு பெட்டிக்குள் போனதே என்று எனக்கு ஒரு மனக்குறை.

நல்லவேளை, மனுஷனுக்கு அதற்கு முன்பே வேறு வேலை கிடைத்திருந்தது. அறுபது வயதில் 'உம் ஹிம்மெல்ஸ் வில்லன்' என்ற டிவி தொடர். தமிழில் எழுதினால் வில்லன் வந்துவிடுகிறது பார், அதில் அவரும் அரை வில்லன்தான். கன்னியாஸ்திரிகளின் மடத்தின்மேல் கண்வைத்து, ஒவ்வொரு முறையும் அவர்களிடம் தோற்கிற மேயர் வோலர். 2002இலிருந்து 2021 வரை ஓடியது. செவ்வாய்க்கிழமைகளில் உன் அம்மா "கள்ளன், கள்ளன்" என்று திட்டிக்கொண்டே ஒன்றும் விடாமல் பார்த்தாள். உனக்கும் ஞாபகம் இருக்கும், அந்த நேரத்தில் நீ வீட்டுப்பாடம் என்று வந்தால் ஏச்சுத்தான்.

2023 அக்டோபரில் எல்மார் போனார். ஐந்து மாதத்தில் அண்ணனும் போய்விட்டார், 82 வயது. அன்று அம்மா சமைக்க மனமில்லாமல் பாண் வாங்கிவரச் சொன்னாள்.

சரி, உன் படப்பிடிப்பு எந்தத் திகதி? இன்ஸ்பெக்டர் கதைக்கும்போது உன்னை எங்கே நிற்கச் சொல்கிறார்கள், கதவோரமா, மேசையோரமா? அம்மா மிளகாய்த்தூள் பார்சல் கட்டி வைத்திருக்கிறாள், திங்கட்கிழமை போடுகிறேன்.

அப்புறம், உதவியாளர் என்றால் எப்படியும் கார் ஓட்டச் சொல்வார்கள். நீ இன்னும் லைசென்ஸ் எடுக்கவில்லை. அதைச் சொன்னாயா அவர்களிடம்?

அன்புடன்,
அப்பா