லிஸ் ஸ்மித் அம்மாவுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள லிஸ் ஸ்மித் அம்மா,

2016 கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள், 95 வயதில், பிரிட்டிஷ் நடிகையான நீங்கள் போய்ச் சேர்ந்தீர்கள். அன்று முதல் உங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒரே கதையைத்தான் திருப்பித் திருப்பிச் சொல்கிறார்கள். ஐம்பதை நெருங்கும் வயதில் லண்டன் ஹாம்லீஸ் கடையில் பொம்மை விற்றுக்கொண்டிருந்தீர்கள், இயக்குநர் மைக் லீ கூப்பிட்டார், அதிர்ஷ்டம் அடித்தது. அதிர்ஷ்டமாம்! மணமுறிவுக்குப் பிறகு இரண்டு பிள்ளைகளைத் தனியாக வளர்த்து, கிடைத்த வேலையையெல்லாம் செய்து, அதற்கு நடுவிலும் எழுதிய வசனம் இல்லாமலே நடித்துப் பழகும் பட்டறைக்குப் போய்வந்தீர்களே, அதை யார் கணக்கில் எழுதுவது? ஒத்திகையிலேயே நடிகர்களோடு சேர்ந்து காட்சியை வளர்த்தெடுப்பது மைக் லீயின் வழக்கம். அவருக்கு வேண்டியிருந்ததை நீங்கள் முன்பே கற்று வைத்திருந்தீர்கள்.

முதல் படம் 1971இல் வந்த 'ப்ளீக் மொமெண்ட்ஸ்'. ஆனால் என் ஓட்டு, 1973இல் பிபிசிக்காக அவர் எடுத்த 'ஹார்ட் லேபர்' படத்துக்குத்தான். அதில் நீங்கள் நடித்த திருமதி தார்ன்லி அடுத்தவர் வீட்டைத் துடைக்கிறாள். திரும்பி வந்து தன் வீட்டைத் துடைக்கிறாள். கதைக்கே நாயகி அவள், ஆனாலும் எந்த அறையிலும் ஓரமாகவே நிற்கிறாள். கணவனின் ரோமம் அடர்ந்த தோளைத் தேய்த்துவிடும் காட்சியில் உங்கள் முகத்தில் அருவருப்பும் இல்லை, அன்பும் இல்லை. வீட்டு வேலைகளில் அதுவும் ஒன்று, அவ்வளவுதான். அந்தப் பெண்மணியை மறந்துவிட்டு உங்களை வேடிக்கைப் பாட்டியாக மட்டும் நினைவில் வைத்திருக்கிறார்களே என்பதுதான் என் வருத்தம்.

பாட்டி வேடங்களையும் நான் குறைத்துச் சொல்லவில்லை. 1984இல் 'எ பிரைவேட் ஃபங்ஷன்' படம். 1947ஆம் ஆண்டு யார்க்‌ஷயரில் இறைச்சிக்கு ரேஷன். திருடிய பன்றியை வீட்டுக்குள் ஒளித்து வைத்திருக்கிறார்கள். உங்களுக்கு மகளாக மேகி ஸ்மித், மருமகனாக மைக்கேல் பாலின். வீட்டில் நாறினால் பழி கிழவியின் தலையில். அந்தக் கிழவிக்குத் துணை நடிகைக்கான பாஃப்டா என்ற பிரிட்டிஷ் திரைப்பட விருது கிடைத்தது. 'விகார் ஆஃப் டிப்லி' தொடரில் வாயில் வைக்க முடியாத பண்டங்களைச் செய்து ஊருக்கே ஊட்டினீர்கள். அதில் எனக்கு அவ்வளவு ஒட்டுதல் இல்லை. ஒரே நகைச்சுவையைப் பலமுறை சூடாக்கியதுபோல இருக்கும்.

'த ராயில் ஃபேமிலி' தொலைக்காட்சித் தொடர் வேறு. 1998இல் அது தொடங்கியபோது உங்களுக்கு 76 வயது. வந்து உட்கார்ந்தால் எழுந்து போகாத மாமியார் நானாவாக நடித்தீர்கள். சோபாவின் ஒரு மூலையில் இருந்தபடி, மற்றவர்கள் பேசுவதைப் பாதி கேட்டும் பாதி கேட்காமலும் நீங்கள் திரும்பும் விதத்திலேயே சிரிப்பு வந்துவிடும். 2006 சிறப்பு நிகழ்ச்சியில் நானாவின் கட்டில் கூடத்துக்கு வந்துவிடுகிறது. மகளாக நடிக்கும் சூ ஜான்ஸ்டன் உங்கள் தலையை வாரிவிடுகிறார். 1973இல் அடுத்தவர் தோளைத் தேய்த்த நடிகைக்கு இங்கே ஒருவர் பணிவிடை செய்கிறார். நீங்களோ அதைக் கூச்சமில்லாமல், உரிமையோடு ஏற்றுக்கொள்கிறீர்கள்.

அந்த நிகழ்ச்சியில் நானா இறந்துபோகிறாள். மறு வருடம் அதற்காக உங்களுக்குக் கிடைத்தது சிறந்த நகைச்சுவை நடிகை விருது!

அன்புடன்,
உங்கள் ரசிகை