மண் சுமக்கும் தீவுகள்

அன்புள்ள முரளி,

உன் கடிதமும் பழைய நோட்டின் படங்களும் வந்து சேர்ந்தன. கணக்கு நோட்டின் கடைசிப் பக்கங்களில் நாம் வரைந்த தீவுகளை இத்தனை வருடம் பத்திரமாக வைத்திருந்தாயே, அதுவே பெரிய ஆச்சரியம். கண் அறுவை நல்லபடியாக முடிந்ததில் மகிழ்ச்சி. சொட்டு மருந்தை நேரத்துக்குப் போட்டுக்கொள். கண் தேறும்வரை ராத்திரியில் உட்கார்ந்து எழுதாதே. என் பக்கம் பெரிதாகச் செய்தி இல்லை. மகன் வேலை மாறிவிட்டான், என் முழங்கால் வலி மாறவில்லை.

பேத்திக்காக அந்தக் கற்பனைத் தீவுக்கூட்டத்தைக் கதையாக மறுபடி எழுப்பப்போகிறாய் என்று படித்ததும் எனக்கும் கை பரபரத்தது. ஆனால் உன் பட்டியல்! மேல்நோக்கி விழும் அருவி, பாடும் பாறை, இரட்டை நிழல் விழும் உச்சிவேளை, ஆளையே மறக்கடிக்கும் மூடுபனி. என்னைக் கேட்டால் எல்லாவற்றையும் வெட்டிவிடு. ஒரே ஒரு விதி போதும். அதை வைத்துக்கொண்டு அங்கே கல்யாணம் எப்படி நடக்கும், பங்காளிச் சண்டை எதற்காக வரும் என்று யோசி. ஊர் அங்கேதான் உண்டாகும்.

ஹவாய் தீவுகளை எடுத்துக்கொள். பூமிக்கு அடியிலிருந்து உருகிய பாறை மேலேறும் இடமான வெப்பப்புள்ளி இருந்த இடத்திலேயே இருக்க, மேலே கடலடிப் பாறைத்தட்டு வடமேற்காக நகர்கிறது. தென்கிழக்கில் தீவு பிறக்கும். நகர நகர வயதாகி, தேய்ந்து, அமிழ்ந்து, கடைசியில் பவளத்திட்டாகி நீருக்குள் போய்விடும். கவாயி தீவுக்கு வயது சுமார் 50 லட்சம் ஆண்டு. எரிமலை இன்னும் பொங்கும் பெரிய தீவுக்கு 10 லட்சம்கூட ஆகவில்லை. அதற்கடுத்த பிள்ளை தண்ணீருக்குள் வளர்கிறது. அதன் உச்சி இன்னும் ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் ஆழத்தில். தட்டு நகர்வதோ ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர்தான்.

நம் தீவுகளில் இந்த வேகத்தை மட்டும் கூட்டு. மூன்று தலைமுறைக்கு ஒரு தீவு மூழ்கட்டும், மறுமுனையில் ஒன்று முளைக்கட்டும். மற்றதெல்லாம் நம் உலகம் மாதிரியே இருக்கட்டும்.

இப்போது பார். தாத்தாவின் தோட்டம் பேரன் காலத்தில் கடல். அப்படியானால் அங்கே சொத்து எது? புதுத் தீவு வெறும் பாறை. ஐஸ்லாந்துக்குத் தெற்கே 1963 நவம்பரில் கடலடி எரிமலையால் எழும்பிய சர்ட்சி தீவில் முதல் செடி 1965-லேயே தலைகாட்டிவிட்டது. ஆனால் 1980-களில் கடற்பறவைகள் கூட்டமாகக் கூடு கட்டி, எச்சம் சேர்ந்த பிறகுதான் பசுமை பரவியது. நம் ஜனங்களுக்கு அவ்வளவு பொறுமை ஏது? பழைய தீவின் மண்ணைக் கூடை கூடையாகச் சுமந்து படகேற்றுவார்கள். ஆக, சொத்து மண்தான். சீர்வரிசையும் மண்தான். பெரிய திருட்டு, மண் திருட்டு. கூடு கட்ட வந்த பறவையைக் கல்லால் அடித்தவனை ஊரே ஒதுக்கிவைக்கும்.

பிறக்கிற தீவெல்லாம் நிலைக்கவும் வேண்டாம். 1831-ல் சிசிலிக்குத் தெற்கே ஒன்று கிளம்பியது. பிரிட்டன், பிரான்ஸ், அன்று தென் இத்தாலியை ஆண்ட இரு சிசிலி அரசு மூன்றும் எனக்குத்தான் என்று மல்லுக்கு நின்றன. இறுகாத எரிமலைச் சாம்பல் மேடு அது. அலை சில மாதங்களில் தின்று தீர்த்துவிட்டது. அதனால் உன் தீவார்களுக்கு ஒரு சட்டம் எழுதிவைத்திருக்கிறேன்: இரண்டு புயற்காலம் தாங்காத தீவுக்குப் பெயர் வைக்கக்கூடாது, பங்கும் பிரிக்கக்கூடாது.

எனக்கு ஒப்பாத இடம் ஒன்று உண்டு. சங்கு ஊதியதும் எல்லோரும் சிரித்த முகத்தோடு படகேறுவதாக எழுதியிருக்கிறாய். எந்த ஊர் ஜனம் அப்படிக் கிளம்பும்? 1961-ல் எரிமலை வெடித்து தென் அட்லாண்டிக்கிலுள்ள டிரிஸ்டன் ட குன்யா தீவாரை இங்கிலாந்துக்குக் கொண்டுபோனார்கள். வாக்கெடுப்பு நடந்தபோது 148 பேர் திரும்பிப் போகவேண்டும் என்றார்கள், வேண்டாம் என்றவர்கள் ஐந்தே பேர். ஜப்பானில் மியாகேஜிமா தீவை 2000-ல் காலி செய்தார்கள். 2005-ல் மக்கள் திரும்பினார்கள், நச்சுவாயு முகமூடியைக் கையோடு வைத்துக்கொண்டு! உன் கதையிலும் ஒரு கிழவி முழங்காலளவு தண்ணீரில் நின்றுகொண்டு வரமாட்டேன் என்று கத்தவேண்டும்.

அந்த மந்திரச் சங்கும் வேண்டாம். இந்தோனேசியாவின் சிமெலுவே தீவில் 1907-ல் சுனாமி வந்தது. நிலம் அதிர்ந்து கடல் உள்வாங்கினால் மலைக்கு ஓடு என்பதைப் பாட்டிலும் கதையிலும் பாட்டிமார் சொல்லிவந்தார்கள். 2004 டிசம்பரில் அங்கே இருந்த எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டோரில் இறந்தவர்கள் ஏழு பேர் என்கிறார்கள். நம் தீவுக்கும் ஒரு தாலாட்டு எழுது. உனக்குத்தான் மெட்டு வரும், எனக்கு வராது.

ஒன்றுதான் எனக்குப் பிடிபடவில்லை: இறந்தவர்களை எங்கே புதைப்பார்கள்? மூழ்கும் மண்ணில் விட்டுப்போக யாருக்கும் மனம் வராது. சுமந்து போவார்கள் என்று வைத்தால், சீர்க்கூடை மண்ணில் யார் வீட்டுத் தாத்தா கலந்திருக்கிறார் என்று யாருக்குத் தெரியும்? அந்த மண்ணில் விளைந்ததைச் சாப்பிடலாமா கூடாதா என்று உன் பேத்தியைக் கேட்டு எழுது. அவள் சொல்வதுதான் சட்டம்.

அன்புடன்,
ராகவன்